சோழர் காலத்து அடுப்பங்கரை

அன்புள்ள மீனாவுக்கு,

அப்பா எழுதுகிறேன். "ராஜராஜன் காலத்து வீட்டு அடுப்பங்கரை செட் போடணும், ஒரு மாதிரி போட்டோ எடுத்து அனுப்புங்க" என்று போனில் சாதாரணமாகச் சொல்லிவிட்டாய். எங்கே போய் எடுப்பது? கல்லில் கட்டியதெல்லாம் சாமிக்குத்தான். குடியானவன் மண்சுவரிலும் கீற்றிலும் இருந்துவிட்டுப் போய்விட்டான். கங்கைகொண்ட சோழபுரத்துக்குப் பக்கத்து மாளிகைமேட்டில் சோழர் அரண்மனையே வெறும் செங்கல் அடித்தளமாகக் கிடக்கிறது.

மனசு கேட்காமல் நேற்று தாராசுரம் கோயிலுக்குப் போனேன். சுவரின் அடியில் நாயன்மார் கதைகளைச் சின்னச் சின்னதாகச் செதுக்கியிருக்கிறார்களே, அதற்குக் குனிந்து குனிந்து இடுப்பு போய்விட்டது. ஆள் எப்படி உட்காருகிறான், துணியை எப்படிச் சுற்றியிருக்கிறான் என்று குறித்து வைத்திருக்கிறேன். ஆனால் அது இரண்டாம் ராஜராஜன் கோயில், 12-ஆம் நூற்றாண்டு. உன் கதைக்கு நூறு வருஷத்துக்கு மேல் பிந்தியது. தஞ்சாவூர்ப் பெரிய கோயில் உள்சுற்றில் நாயக்கர் ஓவியத்துக்கு அடியிலிருந்து 1931-இல் வெளிப்பட்ட சோழர் ஓவியங்கள்தான் உனக்குச் சரியான சாட்சி. அவற்றின் நல்ல அச்சுப் படங்களைத் தேடிப் பிடி. வெளியே இருக்கும் பெரிய நந்தியை மட்டும் நம்பாதே, அது நாயக்கர் காலத்தது.

நான் இவ்வளவு சொல்லக் காரணம் இருக்கிறது. சபா நாடகங்களுக்குச் சீன் படுதா வரைந்த காலத்தில் ராஜராஜன் தர்பாருக்குத் தஞ்சாவூர் அரண்மனை வளைவுகளை அப்படியே படுதாவில் இறக்கினேன். நல்ல கைதட்டல். முடிந்ததும் ஒரு தமிழ் வாத்தியார் மேடைக்குப் பின்னால் வந்து, "தம்பி, ராஜராஜன் எப்போது மராட்டியரிடம் வாடகைக்குக் குடிவந்தான்?" என்று கேட்டார். அன்றைக்கு ராத்திரி சாப்பாடு இறங்கவில்லை. எனக்காவது படுதா இருபது அடி தள்ளி இருந்தது. உனக்குக் கேமரா அடுப்புக்குள்ளேயே மூக்கை நீட்டும்.

அதனால் அடுப்பங்கரையில் மிளகாய்ச் சரம் தொங்கவிடாதே. மிளகாய், தக்காளி, நிலக்கடலை எல்லாம் போர்த்துகீசியர் வந்த பிறகு வந்தவை. மிளகு, இஞ்சி, புளி வை. மண்சட்டிக்கு அடியில் கரி பிடித்திருக்கட்டும். அந்தக் கரியைப் பெயிண்டில் செய்யாதே, இரண்டு நாள் வைக்கோல் போட்டு நிஜமாகவே எரி.

பாட்டி நெல் அளந்த மரக்காலையும் அம்மியையும் பஸ்ஸில் போட்டு அனுப்புகிறேன். போன படத்துக்குக் கொடுத்த தவலை, பழசாகத் தெரியணும் என்று உங்கள் ஆட்கள் அடித்த கறுப்புப் பெயிண்டோடு திரும்பி வந்தது. அம்மா இன்னும் புளி போட்டுத் தேய்த்துக்கொண்டிருக்கிறாள்.

அன்புடன்,
அப்பா