ஆண்டறிக்கை 2024–2025: நம் ஊர் வரலாற்று ஆர்வலர் சங்கம்

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களுக்கும், செயற்குழுவினருக்கும், பொதுக்குழுவுக்கு நேரில் வந்திருக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம். சங்க விதிப்படி இவ்வாண்டுக்கான செயலாளர் அறிக்கையை அவையின் முன் வைக்கிறேன்.

மாதக் கூட்டங்கள் வழக்கம்போல் நடைபெற்றன. குடியரசு நாளில் கொடியேற்றி இனிப்பு வழங்கினோம். பள்ளி மாணவர்களுக்கான கட்டுரைப் போட்டி நடந்தது. கல்வெட்டுப் படியெடுப்புப் பயிற்சி, பயிற்றுநர் வர இயலாமையால் அடுத்த ஆண்டுக்கு ஒத்திவைக்கப்பட்டது.

இவ்வாண்டின் முதன்மைப் பணி, சென்ற பொதுக்குழுவில் ஒப்புதல் பெற்ற 'ஒலி ஆண்ட பொழுது' என்னும் தொகுப்புப் பணியே ஆகும். மணி, முரசு, சங்கு ஆகியவற்றின் ஒலி கேட்டு மக்கள் நேரம் அறிந்து வாழ்ந்த நாட்களை முதியவர்களின் பேச்சாகப் பதிவு செய்து தொகுப்பதே இப்பணி. இதைக் குறித்துச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டியிருக்கிறது. "ஒலி பொழுதை ஆண்ட காலம் என்று வரலாற்றில் ஒன்று கிடையாது, அது செயலாளர் கற்பித்துக்கொண்டது" என்று செயற்குழுவில் ஓர் உறுப்பினர் கூறியது கூட்டக் குறிப்பேட்டிலும் ஏறியிருக்கிறது. பாடநூல்களில் அப்பெயரில் ஒரு காலப் பகுதி இல்லை என்பது உண்மை. பெயர் நாம் இட்டதுதான். ஆனால் பெயருக்குரிய வாழ்க்கை இங்கே இருந்தது என்பதற்குச் சான்றுகள் நிறையவே உள்ளன.

முல்லைப்பாட்டில், பாசறையில் இருக்கும் அரசனிடம் 'பொழுதளந்து அறியும் பொய்யா மாக்கள்' வந்து, குறுநீர்க் கன்னல் என்னும் நீர்க் கடிகாரம் காட்டும் நாழிகையை வாய்விட்டுச் சொல்கிறார்கள். வட்டிலில் நீர் அளந்தது ஒருவர் கண்ணுக்கு மட்டுமே தெரியும். அதை அவர் குரலெடுத்துச் சொன்ன பிறகே பாசறை முழுவதற்கும் அது பொழுது ஆயிற்று. ஒரு நாளுக்கு 60 நாழிகை, ஒரு நாழிகைக்கு 24 நிமிடம் என்ற கணக்கெல்லாம் மக்களிடம் வந்து சேர்ந்தது சாமத்துக்குச் சாமம் அடித்த மணியாலும் முரசாலும்தான்.

ஸ்ரீவில்லிபுத்தூரில் ஆண்டாளுக்கு உச்சிக்கால நைவேத்தியம் ஆன செய்தி, வழிநெடுக இருந்த மண்டபங்களின் மணியோசையாலும் நகரா என்னும் பெருமுரசின் ஒலியாலும் மதுரைக்குச் சென்று சேர்ந்த பின்னரே திருமலை நாயக்கர் உணவு கொள்வார் என்று நம் பகுதியில் வழிவழியாகச் சொல்லப்படுகிறது. திருச்செந்தூர் மணியோசைக்காகப் பாஞ்சாலங்குறிச்சியில் கட்டபொம்மன் காத்திருந்ததாகச் சொல்லப்படும் செய்தியும் இதே வகையினது. இவற்றை வெறும் பக்திக் கதைகள் என்று ஒதுக்குவது சரியன்று. ஒலி வினாடிக்கு ஏறத்தாழ 340 மீட்டர் செல்லும். ஸ்ரீவில்லிபுத்தூருக்கும் மதுரைக்கும் இடையே 75 கிலோமீட்டர் அளவு தொலைவு. எனவே ஒலி செல்வதற்கு மட்டுமே நான்கு நிமிடத்துக்குச் சற்றுக் குறைவாகும். ஒவ்வொரு மண்டபத்திலும் காவலர் கேட்டு, உறுதி செய்து, தாமும் அடிப்பதற்கான நேரம் இதனோடு சேரும். ஆகவே அரண்மனையின் நண்பகல், சூரியன் உச்சிக்கு வந்தபோது பிறக்கவில்லை. மணியோசை வந்தபோதுதான் பிறந்தது. நம் பணியின் கருத்து முழுவதும் இந்த ஒரு செய்தியில் அடங்கியிருக்கிறது என்பது என் உறுதியான எண்ணம்.

பிற்காலத்திலும் இது தொடர்ந்தது. 1792இல் எழுந்த சென்னை வானியல் ஆய்வகம் கணித்த நேரத்தை நகரத்துக்குப் பீரங்கி வெடித்தே அறிவித்தார்கள். 1906 ஜனவரி 1 அன்று இந்தியப் பொதுநேரம் நடைமுறைக்கு வந்தபோது, சென்னை நேரத்தைவிட அது ஏறத்தாழ ஒன்பது நிமிடம் முந்தியிருந்தது. கடிகாரம் வைத்திருந்தவர் முள்ளைத் திருப்பிக்கொண்டார். இல்லாதவருக்குத் தண்டவாளத் துண்டில் அடித்த மணியும், கஜானாவில் பாராக்காரர் அடித்த மணியும், சங்கு என்று நாம் அழைக்கும் ஆலைச் சைரனும், நகராட்சிச் சங்கும் எப்போது ஒலித்தனவோ அதுவே நேரம்.

அந்த நகராட்சிச் சங்கை இயக்கிய ஓய்வுபெற்ற ஊழியர் ஒருவரின் பேச்சை இவ்வாண்டு முழுமையாகப் பதிவு செய்திருக்கிறோம். மோட்டார் வேகம் பிடிக்கப் பிடிக்க ஒலி கீழிருந்து மேலேறி, முழு வேகத்தில் ஒரே சுதியில் நின்று, விசையை அணைத்ததும் மெல்ல இறங்கும் முறையை அவர் விளக்கியது கேட்கத் தகுந்தது. ஆலைப் பணியிலிருந்த அம்மையார்கள், முதல் சங்குக்கு உலை வைத்து, இரண்டாம் சங்குக்கு வீட்டைவிட்டுக் கிளம்பிய நாட்களைச் சொல்லியிருக்கிறார்கள். பழுதாகிக் கிடக்கும் சங்கை நண்பகலில் ஒருமுறை மட்டும் ஒலிக்கச் செய்ய வேண்டும் என்ற நம் மனு, உரிய அலுவலகத்தில் இன்னும் நிலுவையில் இருக்கிறது. இரவு 10 முதல் காலை 6 வரை ஒலிக்கு இருக்கும் தடையையும், மருத்துவமனை, பள்ளி, நீதிமன்றம் ஆகியவற்றைச் சுற்றி 100 மீட்டர் அமைதிப் பகுதி என்ற 2000ஆம் ஆண்டு விதியையும் கருத்தில் கொண்டே மனு எழுதப்பட்டது. ஆகவே சட்டச் சிக்கல் வரும் என்ற அச்சம் உறுப்பினர்களுக்கு வேண்டியதில்லை.

இப்பணிக்கென அமைத்த துணைக்குழுவில் பெயர் கொடுத்தவர்களில் பெரும்பாலோர் ஒரு பதிவுக்கும் வரவில்லை என்பதை வருத்தத்தோடு தெரிவிக்கிறேன். முன்கூட்டியே தகவல் அனுப்பியும், வராதவர்களிடமிருந்து மறுமொழிகூட இல்லை. முதியவர்கள் வீட்டுத் திண்ணையில் நாற்காலி எடுத்துப் போட்டுக் காத்திருந்தார்கள். நேரம் கேட்டுப் பெற்ற ஒருவர், பதிவு தள்ளிப்போன இடைவெளியில் காலமாகிவிட்டார். ஊரின் கோயில் நகராவை அடித்தவர்களில் கடைசியாக இருந்தவர் அவர். இந்த இழப்பை எந்த நிதியாலும் ஈடு செய்ய முடியாது.

வரவு செலவைப் பொறுத்தவரை, நன்கொடையாலும் முன்னிருப்பாலும் சமாளித்தோம். கையிருப்பு சிறிதளவே உள்ளது. விவரம் பொருளாளரின் அறிக்கையில் தனியே தரப்படும். சந்தா நிலுவை சென்ற ஆண்டைவிடக் கூடியிருக்கிறது. வசதி குறைந்த உறுப்பினர்கள் தவறாமல் செலுத்திவிட்டார்கள் என்பதை மட்டும் இங்கே பதிவு செய்ய விரும்புகிறேன்.

கூட்டத்துக்கு இடம் தந்த பள்ளி நிர்வாகத்தினருக்கும், கணக்கைத் தணிக்கை செய்தவருக்கும், தேநீர் ஏற்பாட்டைக் கவனித்த உறுப்பினருக்கும் சங்கத்தின் நன்றி உரியதாகுக.

வரும் ஆண்டில் எஞ்சியுள்ள முதியவர்களின் பேச்சைப் பதிவு செய்து முடிப்பதும், ஸ்ரீவில்லிபுத்தூர் பாதையில் நிற்கும் மண்டபங்களை அளந்து வரைபடத்தில் குறிப்பதும் திட்டம். இதற்கு நல்ல ஒலிப்பதிவுக் கருவி ஒன்றும், ஞாயிறு காலைகளைத் தரக்கூடிய சிலரும் வேண்டும். இவ்விரண்டும் அமையுமானால் பொதுக்குழு விரும்பும்வரை இப்பொறுப்பில் தொடர ஆயத்தமாக இருக்கிறேன். அமையாவிட்டால் வேறொருவரைத் தேர்ந்தெடுப்பதே பணிக்கு நல்லது என்பதை மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். துணைக்குழுவுக்கான பெயர்ப் பட்டியலும் சந்தா இரசீதுப் புத்தகமும் கூட்டம் முடியும்வரை பொருளாளரின் மேசையில் இருக்கும்.

இங்ஙனம்,
செயலாளர்