திரைப்படக் கழகச் செயலாளரின் ஆண்டறிக்கை

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களே, கழக உறுப்பினர்களே, வணக்கம்.

இவ்வாண்டு நாம் திரையிட்ட படங்களுள் நீண்ட விவாதத்தை எழுப்பியது, லியோன்ஸ் பெரே இயக்கத்தில் கோமோன் நிறுவனம் 1912இல் வெளியிட்ட ‘கடோர் பாறைகளின் மர்மம்’ என்ற பிரெஞ்சு மௌனப்படம் என்பதால், இவ்வறிக்கையின் பெரும்பகுதியை அதற்கே ஒதுக்குகிறேன்.

பெற்றோரை இழந்த சுசான் என்ற இளம்பெண்ணுக்குப் பெருஞ்சொத்து வந்து சேர்கிறது. அவளுக்கு ஏதேனும் நேர்ந்தால் அச்சொத்து தனக்கே வரும் என்ற நிலையில், கடனில் மூழ்கிய காப்பாளர் ஃபெர்னான், அவள் விரும்பும் படைத்தலைவனைப் பொய்க் கடிதத்தால் பிரான்சின் பிரெட்டனி கடற்கரைக்கு வரவழைத்துச் சுடுகிறான். மயக்க மருந்து தரப்பட்ட சுசான் கண்விழிக்கும்போது, காதலன் பிணம்போல் அருகில் கிடக்கக் கண்டு சித்தம் கலங்குகிறாள். இந்தக் காப்பாளராக நடித்தவர் பெரேயே. சுசானாக நடித்தவர் சுசான் கிராந்தே.

இத்தனையும் அக்கால மெலோடிராமாக்களில் வழக்கமாக வருபவையே. படத்தை உயர்த்துவது அடுத்து வரும் பகுதி. மருத்துவர் ஒருவர், கடற்கரையில் நடந்ததை மீண்டும் நடத்திப் படமாக்கி, இருண்ட அறையில் சுசானுக்குத் திரையிட்டுக் காட்டுகிறார். ஒளிரும் திரைக்கு முன் நிழலுருவாகத் தெரியும் அவள், தன் துயரத்தைத் தானே பார்த்து, கைகளை உயர்த்தித் தடுமாறி, நினைவு மீள்கிறாள். சினிமாவின் முன்னோடிகளான லூமியேர் சகோதரர்கள் பாரிசில் முதல் கட்டணக் காட்சி நடத்தி 17 ஆண்டுகளே ஆகியிருந்த காலத்தில், சினிமாவால் ஒரு மனத்தைக் குணப்படுத்த முடியும் என்று சினிமாவே துணிந்து சொன்னது நம்மில் பலரை நெகிழச் செய்தது.

சொத்து, மருந்து, சிகிச்சை என அனைத்தையும் ஆண்களே தீர்மானிக்க, சுசான் பெரும்பாலும் செயலற்றவளாகவே காட்டப்படுகிறாள் என்று பெண் உறுப்பினர்கள் எழுப்பிய மறுப்பு நியாயமானது. அதை நான் முழுமையாக ஏற்கிறேன். ஆயினும் அந்த இருட்டறைக் காட்சியில் எவர் பேச்சும் தலையீடும் இன்றி அவள் உடலே கதையை நடத்துகிறது என்பதையும் பதிவு செய்ய விரும்புகிறேன். கிராந்தேயின் நடிப்பில் மிகை இருப்பினும், கலங்கிய கண்களின் வெறுமையை அவர் காட்டும் விதம் இன்றைய பார்வையாளரையும் அசைக்கிறது.

வரவு செலவுக் கணக்கு தணிக்கை செய்யப்பட்டுத் தனியே இணைக்கப்பட்டுள்ளது. பெரே 1913இல் இயக்கிய ‘பாரிஸ் குழந்தை’ படத்தை வரும் ஆண்டில் திரையிடச் செயற்குழு பரிந்துரைத்துள்ளது. அப்பரிந்துரையையும் இவ்வறிக்கையையும் பொதுக்குழுவின் ஒப்புதலுக்குப் பணிவுடன் முன்வைக்கிறேன்.

செயலாளர்