நம்ம தமிழ்ச் சங்கம்: செயலாளர் ஆண்டறிக்கை 2025-26

எல்லாருக்கும் வணக்கமுங்க. போன வருச அறிக்கைய ரெண்டு பக்கத்துல முடிச்சேன், இந்த வருசம் கொஞ்சம் நீளும், பொறுத்துக்கோங்க. கேரளாவுல, பாலக்காடு ஜில்லா எல்லையோரம் இருக்கற நம்ம சங்கத்துல மொத்தம் 84 மெம்பர், இன்னைக்கு வந்து உக்காந்திருக்கறது 23 பேரு. கோரத்துக்கு, அதாவது கூட்டம் நடத்த, கொறஞ்சது 28 பேரு வேணும், அதனால பைலாப்படி அரைமணி நேரம் ஒத்தி வெச்சு பொறவுதான் கூட்டம் ஆரம்பிச்சுது. வேலந்தாவளத்துல கல்யாணம், எருத்தேம்பதில கெடாவெட்டுன்னு போன்ல சொன்னாங்க, போக வேண்டாம்னு நான் சொல்லல, ஆனா கூட்டத் தேதிய 40 நாளைக்கு முன்னாலயே வாட்சப்ல போட்டு வீடு வீடா நோட்டீசும் குடுத்திருந்தேன், அத பதிவு பண்ணிக்கறேன்.

இந்த வருசம் நடந்தது: ஆகஸ்ட் 15 கொடியேத்தினோம். கண் கேம்ப் ஒண்ணு நடந்துச்சு. நவம்பர் 1 கேரளப்பிறவிக்கு பஞ்சாயத்து விழாவுல நம்ம பிள்ளைங்க ரெண்டு பாட்டு பாடுச்சுங்க. பொங்கலுக்கு பாலக்காடு உள்பட எல்லையோர 6 மாவட்டத்துக்கு லோக்கல் லீவு உண்டுங்கறதால அன்னைக்கே திருக்குறள் ஒப்பித்தல் வெச்சோம், 34 பிள்ளைங்க கலந்துக்கிட்டாங்க. பத்தாங்கிளாஸ் பரிசு குடுத்தாச்சு.

பிப்ரவரி 21 தாய்மொழி தினத்துக்கு நான்தான் பேசினேன். நீளமா பேசிட்டேன்னு சிலபேர் சொன்னீங்க. 1952ல இதே தேதில, அப்ப பாகிஸ்தான்ல இருந்த டாக்கால மாணவங்க போலீஸ் சுட்டு செத்ததுனாலதான் அந்த நாள யுனெஸ்கோ 1999ல அறிவிச்சாங்க, மதம் ஒண்ணா இருந்தும் உருது மட்டும்தான் அரசு மொழின்னு சொன்னதுல ஆரம்பிச்ச மனக்கசப்பு 1971ல பங்களாதேஷ்ங்கற தனி நாட்டுல போய் முடிஞ்சுது, இத அஞ்சு நிமிசத்துல எப்படிங்க சொல்றது.

இனி இந்த வருசம் முக்கியமா நடந்த வேலைக்கு வர்றேன். வீடு வீடா போய் தாய்மொழி என்னன்னு கேட்டு நோட்டுல எழுதற வேலை. இது யாரு சொல்லி ஆரம்பிச்சுது, கமிட்டி தீர்மானம் எங்கன்னு ரெண்டு கூட்டத்துல கேள்வி வந்துச்சு, அதனால ஆரம்பத்துல இருந்தே சொல்லிடறேன்.

நம்ம மெம்பர் ஒருத்தரு, எழுபது வயசு தாண்டினவரு, ஆயுசு பூரா தோட்ட வேலை செஞ்சவரு, பென்சன் விசயமா ஒரு கேம்புக்கு போனாரு. அங்க இருந்த சாரு பேப்பரெல்லாம் பாத்துட்டு "அவகாசமுண்டல்லோ"ன்னு சொல்லியிருக்காரு. இவரும் தலையாட்டிட்டு பஸ் ஏறி வந்துட்டாரு. திண்ணைல உக்காந்து கட்டன் சாயா குடிச்சுட்டு என்கிட்ட, "டைம் இருக்குதாமா தம்பி, அவகாசம் இருக்குன்னாங்க, அடுத்த வாரம் போய்க்கலாம்"னாரு. எனக்கு பகீர்னு ஆயிருச்சு. மலையாளத்துல அவகாசம்னா உரிமை, உனக்கு கிடைக்க வேண்டியது கிடைக்கும், அபேக்ஷ (மனு) குடுன்னு அந்த மனுசன் நல்லதுதான் சொல்லியிருக்காரு. நம்ம தமிழ்ல அவகாசம்னா டைம். கேம்ப் அன்னைக்கு சாயங்காலத்தோட முடிஞ்சுது. அடுத்த கேம்புக்கு ஆறு மாசம் ஆச்சு, அந்த ஆறு மாசமும் அவரு மருந்துக்கு மகன்கிட்ட கைநீட்டினாரு.

அவருக்கு மலையாளம் தெரியாதுன்னு யாரும் சொல்ல முடியாதுங்க. அறுபது வருசமா பேசறாரு, சந்தைல பேரம் பேசறாரு, பஞ்சாயத்து மெம்பர்கிட்ட சண்ட போடறாரு. ஆனா அவசரமான நேரத்துல காதுக்குள்ள விழுந்தது அவங்க ஆத்தா சொல்லிக்குடுத்த சொல்லுதான். (பாருங்க, இந்த அவசரம்ங்கறதுக்கும் மலையாளத்துல சந்தர்ப்பம்னு அர்த்தம், நமக்கு ஓட்டம்.) அன்னைக்கு ராத்திரிதான் ஒரு 80 பக்க நோட்டு வாங்கி இந்த மாதிரி ரெண்டு பக்கமும் வேற வேற அர்த்தம் வர்ற சொல்ல எழுத ஆரம்பிச்சேன், அப்பறம் அதே நோட்டுல வீடு வீடா எடுக்கற தாய்மொழிக் கணக்கும் சேந்துருச்சு. தீர்மானம் போட்டு ஆரம்பிக்கல, உண்மைதான்.

கேரளாவுல 1969ல வந்த ஆட்சிமொழி சட்டத்துல, தமிழும் கன்னடமும் பேசறவங்க சர்க்காருக்கு அவங்கவங்க பாஷைலயே எழுதலாம், பதிலும் அந்த பாஷைலயே வரணும்னு இருக்குது. உள்ளூர் ஆபீசுன்னா அது சிறுபான்மை ஏரியான்னு அறிவிச்ச இடமா இருக்கணும். ஒரு தாலுக்காவுலயோ முனிசிபாலிட்டிலயோ 15 சதவீதத்துக்கு மேல ஒரு மொழிக்காரங்க இருந்தா முக்கியமான நோட்டீசு அந்த மொழிலயும் வரணும்ங்கறது 1956ல மத்திய சர்க்கார் ஒத்துக்கிட்ட ஏற்பாடு. இதெல்லாம் எத வெச்சு கணக்கு பண்றாங்க? சென்சஸ வெச்சுதான். 2011 சென்சஸ்ல கேரளாவுல தமிழ் தாய்மொழின்னு சொன்னவங்க சுமார் 5 லட்சம் பேரு. அடுத்தது 2027ல வருது. நம்ம வாசல்ல வந்து கேக்கறப்ப நாம என்ன சொல்றோமோ அதுதான் பேப்பர்ல நாம.

பல வீட்டுல இந்த கேள்விக்கே ரெண்டு மூணு பதில் வந்துச்சுங்க. ஒரு வீட்டுல அமுச்சி நெலக்கடல உரிச்சுட்டு இருந்தாங்க, பேத்தி பால் சொசைட்டி கணக்க மலையாளத்துல எழுதிட்டு இருந்துச்சு. தாய்மொழி என்னம்மான்னேன். புள்ள யோசிக்காம "மலையாளம்"னுச்சு, ஏன்னா படிக்கறது அதுல. அந்த நேரம் பாத்து மாடு கவுத்த இழுத்துட்டு கடலைக் குமிச்ச மிதிக்க வர, "ஏய் சனியனே, அக்கட்டால போ"ன்னு ஒரு சத்தம் போட்டுச்சு பாருங்க, அமுச்சி தலைய நிமிர்த்தி "எழுதிக்கோ சாமி, தமிழு"ன்னாங்க. சென்சஸ்காரங்களே தாய்மொழின்னா சின்ன வயசுல அம்மா புள்ளகிட்ட பேசின மொழின்னுதான் சொல்றாங்க, படிச்ச மொழிய கேக்கறதில்ல. தெரிஞ்ச வேற பாஷை ரெண்டு வரைக்கும் எழுத தனி கட்டமும் உண்டு. அதனால தமிழ்னு எழுதினா மலையாளத்த விட்டுக்குடுத்த மாதிரி ஆயிருமோன்னு யாரும் சங்கடப்பட வேண்டாம். சித்தூர் தெக்கேகிராமத்துல, மலையாளத்துக்கு தந்தைன்னு சொல்ற எழுத்தச்சனோட குருமடத்துக்கு நவராத்திரில நம்ம பிள்ளைங்களையும் கூட்டிட்டு போய் எழுத்து ஆரம்பிக்கறவங்கதான நாம, அந்த பாஷை மேல நமக்கு என்ன பகை.

இதுல என்மேல வந்த பெரிய புகாருக்கும் பதில் சொல்லிடறேன். கிழக்கால இருக்கற சில வீட்டுல உள்ள தெலுங்கு பேசறாங்க. அந்தம்மா புள்ளைய "ஈடிக்கி ரா"ன்னு (இங்க வான்னு) கூப்பிட்டு, என்கிட்ட தமிழ்ல பேசி, பேப்பர்ல மலையாளத்துல கையெழுத்து போட்டாங்க. "நாங்க தமிழுன்னே போட்டுக்கறோமுங்க, உங்களுக்கும் எண்ணிக்கை கூடும்"னாங்க. நான் தெலுங்குன்னே எழுதினேன். தமிழ்ச் சங்கத்து செயலாளரே தமிழ் கணக்க கொறைக்கறாருன்னு மறுநாளே குரூப்ல பேச்சு. நம்ம வீட்டுல தமிழ மறைச்சு மலையாளம்னு எழுதினா நமக்கு வலிக்குதில்ல, அதே வலி அவங்களுக்கும் இருக்காதா. அவங்க நம்ம சங்கத்துல மெம்பரா இருக்கலாம், பொங்கலுக்கு முன்னால நிக்கலாம், அவங்க தாய் பேசின மொழிய நம்ம எண்ணிக்கைக்காக நான் மாத்தி எழுத மாட்டேன். இது தப்புன்னா கமிட்டி சொல்லட்டும்.

நம்ம பசங்க பாலக்காடு டவுனுக்கு போனா தமிழாளுங்கறதால எளக்காரமா "பாண்டி"ங்கறாங்க. அதே பையன் பொள்ளாச்சிக்கு காலேஜ் போனா, ஆட்டோவ "ஓட்டோ"ன்னு சொல்லிட்டான்னு "மலையாளத்தான்"ங்கறாங்க. என் மகனுக்கே நடந்துச்சு, ஒரு மாசம் வாயே தொறக்காம பஸ்ல போயிட்டு வந்தான். இந்த ஊரு கொச்சி ராஜாகிட்ட இருந்துச்சு, 1949ல திருவிதாங்கூர்-கொச்சி ஆச்சு, 1956ல கேரளா ஆச்சு. நம்ம தாத்தனெல்லாம் இதே காட்டுலதான் ஏரு ஓட்டிட்டு இருந்தாங்க.

ஸ்கூல் விசயம். தாய்மொழில ஆரம்பக்கல்வி குடுக்கணும்னு அரசியல் சட்டத்துல 350ஏன்னு பிரிவே இருக்குது. ஒரு கிளாஸ்ல 10 பிள்ளைங்க, இல்லாட்டி ஸ்கூல் முழுக்க 40 பிள்ளைங்க இருந்தா டீச்சர் கேக்கலாம்ங்கறது 1949ல இருந்து உள்ள கணக்கு. இந்த ஜூன்ல நம்ம பக்கத்து ஸ்கூல்ல ஒண்ணாங்கிளாஸ் தமிழ் டிவிஷனுக்கு சேந்தது 9 பேரு. டீச்சரம்மா வந்து கண்ணு கலங்கி சொல்லிட்டு போனாங்க. கமிட்டில 11 பேரு இருக்கோம், ரெண்டு வீட்டு பிள்ளைங்கதான் தமிழ் மீடியத்துல. மீதி காலைல ஏழரைக்கு வேன்ல ஏறி இங்கிலீஷ் மீடியம் போகுது. யாரையும் பேர் சொல்லல. அந்த பத்தாவது பிள்ள நம்மள்ல யாரு வீட்டுலயாவது இருந்திருக்கும்னு மட்டும் சொல்றேன்.

வரவு செலவு ஏறக்குறைய சரிக்கு சரி, பேங்க்ல கொஞ்சம் கையிருப்பு இருக்குது, விவரம் ஆடிட் முடிஞ்சதும் பொருளாளர் போர்டுல ஒட்டுவாரு. சந்தா வருசத்துக்கு 200 ரூபா. கட்டினது 31 பேரு. 53 பேரு கட்டல, இந்த வருசத்துக்கு மட்டும் 10,600 ரூபா நிக்குது. அதுல சிலபேருக்கு மூணு வருசப் பாக்கி. வீட்டுக்கணக்கு வேலைக்கு ஜெராக்சும் பெட்ரோலும் சேத்தி 3,740 ஆச்சு, சங்கத்துல இருந்து 1,500 எடுத்தேன், பாக்கி என் கைக்காசு, பில்லு ஃபைல்ல இருக்குது.

தலைவர் அண்ணனுக்கும், ஹால் குடுத்தவங்களுக்கும், மைக் செட்டுக்கும், குடும்பஸ்ரீ மகளிர் குழு அக்காமாருக்கும், சொல்லுக்கு அர்த்தம் சரிபாத்து குடுத்த மலையாள மாஷுக்கும் (வாத்தியாருக்கும்) நன்றி.

அடுத்த வருசம் செயலாளர் பொறுப்புக்கு வேற யாராவது வந்தா சந்தோசமா குடுத்துடறேன், மனசார சொல்றேன். ஆனா நோட்ட பாதில நிறுத்த வேண்டாம். 412 வீட்டுல 272 முடிஞ்சுது, 140 பாக்கி, அதுல பாதி ஆத்துக்கு அந்தப்பக்கம், எனக்கு முட்டி வலில வண்டி ஓட்டறது சிரமமா இருக்குது. வர்ற ஞாயித்துக்கிழம காலைல ஏழு மணிக்கு சங்க வாசல்ல நிப்பேன், வண்டி வெச்சிருக்கற இளவட்டங்க நாலு பேரு வந்தா போதும். ரசீது புக்கும் பையிலதான் இருக்கும், சந்தா பாக்கி இருக்கறவங்க அங்கயே குடுத்துடலாம்.

இப்படிக்கு,
செயலாளர்