கைக்குழந்தை எடுத்த போர்ப்படம்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழின் கொரிய சினிமா கட்டுரையில் ஒரு வரி: 2000இல் 'ஜாயின்ட் செக்யூரிட்டி ஏரியா' வரும்வரை, எல்லைக்கு அந்தப் பக்கம் நிற்கும் வடகொரியனும் மனிதன்தான் என்று எந்தக் கொரியப் படமும் சொன்னதில்லையாம்; அதற்கு முன் வந்ததெல்லாம் வெறும் பிரசாரமாம். பார்க் சான்-வூக்கின் அந்தப் படம் எனக்கும் பிடிக்கும். அதற்காக மற்றவர்களை இப்படியா துடைத்துப் போடுவது?

பழைய தென்கொரிய இயக்குநர் லீ மான்-ஹீ பற்றித் தங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. சீன வீரர்களிடமிருந்து தென்கொரியப் பெண் கைதிகளை வடகொரிய அதிகாரி காப்பாற்றுவதாகப் படம் எடுத்தார். 1965இல் கம்யூனிச எதிர்ப்புச் சட்டம் அவர்மேல் பாய்ந்தது. சிறைக்குப் போனார். படத்தை வெட்டி, பெயரையும் மாற்றித்தான் வெளியே விட்டார்கள். பிரசாரம் செய்தவருக்கு அரசாங்கம் கொடுத்த பரிசு போலிருக்கிறது! 1955இல் வந்த 'பியாகோல்' தென்கொரியாவின் ஜிரி மலையில் பதுங்கியிருந்த கம்யூனிசக் கெரில்லாக்களையே சுற்றி வருகிறது என்று தடுத்தார்கள். கடைசிக் காட்சியில் தேசியக் கொடியைச் சேர்த்த பிறகுதான் விட்டார்கள். அதே 1965இல், கொரியப் போர் நின்று 12 வருடத்தில், இயக்குநர் பார்க் சாங்-ஹோ இரு கொரியாக்களுக்கும் நடுவிலுள்ள நிஜமான ராணுவமற்ற பகுதிக்குள்ளேயே கேமராவைக் கொண்டுபோய், அங்கே வழிதவறி அலையும் இரண்டு குழந்தைகளைக் காட்டினார். 'ஜாயின்ட் செக்யூரிட்டி ஏரியா'வில் உங்கள் கட்டுரையாளர் சிலிர்த்துப்போகும் எல்லை ஊர் பான்முன்ஜோமோ, வெறும் செட்.

ஸ்ரீபெரும்புதூர்ப் பக்கம் கொரியத் தொழிற்சாலை ஒன்றில் வேலை பார்த்தவன் நான். எங்கள் மேலாளர், வயதானவர், லீ மான்-ஹீயின் 'திரும்பி வராத மரைன்கள்' (1963) கதையை ஆரம்பித்தால் சாப்பாடு ஆறிவிடும். போரில் அநாதையான சிறுமியை அந்தப் படைவீரர்கள் கூடவே வைத்து வளர்ப்பதைச் சொல்லும்போது குரல் இறங்கிவிடும். வெறும் பிரசாரத்துக்கா அப்படி? கொரியத் திரைப்பட ஆவணக் காப்பகமே பழைய படங்களை யூடியூபில் இலவசமாகப் போடுகிறது. கட்டுரையாளர் வீட்டில் நெட் இல்லையோ என்னவோ.

அப்புறம், கட்டுரையில் இயக்குநர் கிம் கி-டுக் என்று நீங்கள் போட்ட அந்தப் புகைப்படம். 'ஐந்து மரைன்கள்' (1961) என்ற போர்ப்படத்தை எடுத்த கிம் கி-டுக் வேறு, புகைப்படத்தில் இருக்கும் அதே பெயர்க்காரர் வேறு. நீங்கள் போட்டிருப்பவர் பிறந்ததே 1960 டிசம்பரில். கைக்குழந்தையாக இருந்துகொண்டே போர்ப்படம் எடுத்த மேதை!

போன வருடம் ஈரானியப் படங்கள் பற்றி எழுதியிருந்தேன். குறை சொன்ன பத்திகள் எல்லாம் போய், 'இதழ் அருமை' மட்டும் அச்சில் வந்தது. இந்தமுறை அந்த வசதி கிடையாது. பாராட்டு ஒன்றும் எழுதவில்லை.

சரி, அந்த வரியைத் திருத்த மனம் வராவிட்டால் போகட்டும். அடுத்த இதழில் புகைப்படத்தையாவது மாற்றிப் போடுங்கள்.

இப்படிக்கு,
சந்தா கட்டிப் படிக்கும் வாசகன்,
காஞ்சிபுரம்