பீலித் தண்ணீர் எங்கிருந்து வருகிறது? பெருந்தோட்டக் கம்பனிகளின் பணிப்பாளர்களுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்புக்குரிய பணிப்பாளர்களுக்கு,

இலங்கை மலையகத்தில் தேயிலை மலை முடிந்து காடு தொடங்கும் இடத்தைப் பற்றி இம்மடலை எழுதுகிறேன். உங்கள் கணக்கில் அது பயிர் ஏறாத நிலம். எங்கள் வரிசை வீடுகளான லயங்களின் பீலிகளுக்கு, அதாவது ஊற்று நீர் விழும் குழாய்களுக்கு, தண்ணீர் வருவதோ அங்கிருந்துதான்.

1840ஆம் ஆண்டின் முடிக்குரிய காணிச் சட்டத்துக்குப் பின் கோப்பிக்காக இம்மலைகள் மொட்டையடிக்கப்பட்டன. கோடரி பிடித்தவர்களில் எங்கள் முன்னோரும் இருந்தார்கள், கூலிக்காக. 1869இல் கோப்பியை இலைநோய் பீடிக்க, பின்னர் அதே சரிவுகளில் தேயிலை ஏறியது. 5,000 அடிக்கு மேற்பட்ட காடுகளைத் தொடாமல் விடுமாறு தாவரவியலாளர் ஜோசப் ஹூக்கர் 1873இல் அரசுக்கு ஆலோசனை கூறினார். அவ்வாறு தப்பிய ஹோர்ட்டன் சமவெளியிலிருந்தே மகாவலி, களனி, வளவை ஆகிய மூன்று ஆறுகளுக்கும் நீர் போகிறது.

அந்த உயரத்து மரங்கள் குட்டையானவை, கோணலானவை, பலகைக்கு உதவாதவை. ஆனால் அவற்றின் இலையும் கிளையில் படர்ந்த பாசியும் மூடுபனியைப் பிடித்துச் சொட்டுச் சொட்டாக மண்ணுக்குள் இறக்குவதால்தான், மழையே இல்லாத மாசி மாதத்திலும் ஓடை வற்றாமல் இருக்கிறது. வரிசையாக நட்ட, டர்பன்டைன் என்று நாங்கள் சொல்லும் யூக்கலிப்டஸ் மரங்கள் இந்த வேலையைச் செய்வதில்லை. வேகமாக வளரும் அவை நீரையும் வேகமாகக் குடிக்கின்றன.

சில ஆண்டுகளுக்கு முன் எங்கள் தோட்டத்தில் டர்பன்டைன் வெட்ட அனுமதி இருக்கிறது என்று லொறிகள் மேலேறின. இறங்கிய கட்டைகளுக்கிடையே ஓடைக்கரைக் காட்டுமரங்களும் கிடந்ததைப் பாதையோரம் நின்ற எல்லோரும் பார்த்தோம். அடுத்த மாசியில் பீலி நூலாக ஒழுகியது. அந்த ஆண்டு மழையும் குறைவுதான், அதை நான் மறைக்கவில்லை. ஆயினும் அதற்கு முந்திய வறட்சிகளில் எங்கள் பெண்கள் குடத்துடன் விடியற்காலையில் வரிசையில் நின்றதில்லை. காடு அழிந்தால் பழி மட்டும், கவாத்து வெட்டிய தேயிலைக் குச்சியான மிலாரைப் பொறுக்கி அடுப்பெரிக்கும் எங்கள் தலையில் விழுகிறது.

தேயிலைத் தொழிற்சாலையான ஸ்டோரில் கொழுந்து காய விறகு வேண்டும் என்பதை அறிவோம். நட்ட மரத்தை வெட்டுவதை நாங்கள் எதிர்க்கவில்லை. இயற்கைக் காடுகளில் மரம் வெட்டுவதை அரசு 1990இலேயே நிறுத்தியது. தோட்ட எல்லைக்குள் அகப்பட்ட காட்டுத் துண்டுகளையும் அவ்வாறே மதியுங்கள். காடு எது, நட்ட தோப்பு எது என்று நிலத்திலேயே கல் நாட்டிக் காட்டுங்கள். வெட்டும் அனுமதிப் பத்திரத்தைத் தமிழிலும் சிங்களத்திலும், காலையில் வேலை பிரித்துக் கொடுக்கும் பிரட்டுக்களத்தில் ஒட்டுங்கள். வெட்டிய ஓடைக்கரைகளில் காட்டுமர நாற்றுகளை நடுங்கள். நடவும் காக்கவும் நாங்கள் வருகிறோம்.

அடுத்த லொறி ஏறுவதற்கு முன், உங்களில் ஒருவராவது மாசி மாதத்தில் வந்து எங்களோடு பீலியின் ஊற்றுவரை நடக்க வேண்டுகிறோம். இரண்டு மணி நேர ஏற்றம்; அட்டைக்கு உப்பு நாங்கள் கொண்டுவருவோம்.

இப்படிக்கு,
ஒரு தோட்டக் குடியிருப்பாளர்