மாவலி தோற்றவனா?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் நாளிதழின் ஞாயிறு இணைப்பில் புராண அரசர்களைப் பற்றி வெளிவந்த கட்டுரையை விருப்பத்துடன் படித்தேன். மாவலிச் சக்கரவர்த்தியை எல்லாம் இழந்து தோற்றவனாகக் காட்டி, அவன் பாதாளம் புகுந்ததோடு கதையை முடித்திருப்பதுதான் எனக்கு ஒப்பவில்லை.

பாகவதம் அங்கே முடிக்கவில்லை. வாமனனாக வந்து கேட்ட மூன்றடி மண்ணை, குரு சுக்கிராச்சாரியார் தடுத்தும் கேளாமல் தாரை வார்த்துக் கொடுத்தவனுக்குப் பாதாள உலகங்களில் ஒன்றான சுதலத்தை இருப்பிடமாக அளித்த திருமால், அதன் வாயிலில் தாமே காவல் நிற்பதுடன், அடுத்து வரவிருக்கும் எட்டாவது மன்வந்தரமாகிய (ஒரு மனு ஆளும் காலமே மன்வந்தரம்) சாவர்ணி மனுவின் காலத்தில் அவனே இந்திரனாவான் என்றும் வாக்களிக்கிறார். மண்ணை விட்டவனுக்குக் காலத்தில் ஒரு பங்கு எழுதி வைக்கப்பட்டது என்பதே கதையின் பிற்பாதி. திருக்கோவலூரில் தூக்கிய திருவடியோடு நிற்கும் உலகளந்த பெருமாளைச் சேவித்துவிட்டு, அங்கிருந்து ஓடிவரும் தென்பெண்ணை கடலில் கலக்கும் எங்கள் ஊருக்குத் திரும்பும்போதெல்லாம், அந்தத் திருவடிக்குத் தலைகொடுத்தவனையும் சேர்த்தே நினைத்துக்கொள்வது என் வழக்கம்.

மாவலியாவது முறை வரக் காத்திருப்பவன். இன்றைய காலமே நாட்டைத் துறந்த ஓர் அரசனின் பெயரில்தான் நடக்கிறது. மகனிடம் ஆட்சியை ஒப்படைத்துவிட்டுத் தவம் செய்யப் போனவன் என்று மச்ச புராணமும், கிருதமாலை ஆற்றில் நீரை அள்ளியபோது கையில் மீன் வரப்பெற்ற திராவிட நாட்டரசன் சத்தியவிரதன் என்று பாகவதமும் சொல்லும் அவன்தான் வைவஸ்வத மனு. (மதுரையில் இன்றும் கிருதுமால் என்றொரு ஆறு உண்டு, அதன் இன்றைய நிலையைப் பற்றி வேறொரு கடிதம் எழுத வேண்டும்.) திருவந்திபுரத்தில் திருமணம் நடத்தி வைக்கும் புரோகிதர், காலமும் இடமும் சொல்லிச் சடங்கைத் தொடங்கும் சங்கல்பத்தில் ‘வைவஸ்வத மன்வந்தரே’ என்று சொல்லும்போது, மணமக்கள் அறியாமலே அந்த அரசனின் ஆட்சிக் காலத்தைத்தான் தேதியாகக் குறிக்கிறார்கள்.

ஆனால் இந்தப் பதவிக்கும் தவணை உண்டு. நான்கு யுகங்களும் சேர்ந்த ஒரு சதுர்யுகம் 43,20,000 ஆண்டுகள். அப்படி 71 சதுர்யுகங்கள் கொண்டது, அதாவது 30,67,20,000 ஆண்டுகள் கொண்டது, ஒரு மனுவின் காலம். பிரம்மாவின் ஒரு பகலுக்குள் 14 மனுக்கள் வந்து போகிறார்கள். இப்போது நடப்பது ஏழாவது மனுவின் 28ஆவது சதுர்யுகம். இது கழிந்தும் 43 பாக்கி. அதுவரை மாவலி சுதலத்தில் பொறுமையாக இருக்கத்தான் வேண்டும். காலத்தை ஆள்பவனும் நிலையாக ஆளுவதில்லை என்று கணக்குப் போட்டு வைத்தார்களே, கட்டுரையாளர் வியந்திருக்க வேண்டிய இடம் இதுவே என்று எனக்குத் தோன்றுகிறது.

பாட்டி சொன்ன விக்கிரமாதித்தன் கதையும் இந்த இனத்தைச் சேர்ந்ததே. ஆயிரம் ஆண்டு அரியணையில் இருக்க வரம் பெற்றவனுக்கு, ஆறு மாதம் நாடாண்டு ஆறு மாதம் காட்டில் இருந்தால் அது இரண்டாயிரம் ஆண்டாகும் என்று அவன் அமைச்சன் பட்டி வழி சொன்னான். பாதி அதிகாரத்தை விட்டு ஆயுளை இரட்டிப்பாக்கிய அந்தக் கணக்கைக் கட்டுரை தொடவே இல்லை.

எங்கள் பக்கத்துக் கிராமங்களில் திருக்கார்த்திகை இரவில் பனம்பூவைச் சுட்டுப் பொடித்த கரியைத் துணியில் சுற்றி, பனைமட்டைக்கு இடையில் வைத்துக் கட்டி, தீப்பொறி வட்டமிடச் சிறுவர்கள் சுழற்றுவார்கள். ‘மாவளியோ மாவளி’ என்பது அப்போது எழும் கூச்சல். அது மாவலி மன்னனின் பெயர்தான் என்பார்கள் பெரியவர்கள். வரும் கார்த்திகை இணைப்பில் அவனைப் பற்றி எழுதுவதானால், கட்டுரையாளர் ஒருமுறை இங்கு வந்து அதைப் பார்த்துவிட்டு எழுதும்படி வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற தமிழாசிரியர் ஒருவர்,
திருப்பாதிரிப்புலியூர், கடலூர்.