மாத வருமானம் எவ்வளவு என்றும் போடுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

சாலை விபத்தில் இறந்தவர் குடும்பத்துக்கு இத்தனை லட்சம் இழப்பீடு என்று அடிக்கடி செய்தி போடுகிறீர்கள். தொகை கொட்டை எழுத்தில் இருக்கும், அது எப்படி வந்தது என்பதற்கு ஒரு வரிகூட இருக்காது. அதனால்தான் டீக்கடையில் "அவங்களுக்கென்னப்பா, லட்சக்கணக்குல வருது" என்று பேச்சு ஓடுகிறது. கேஸ் போட்ட குடும்பத்துக்கே வக்கீல் சொல்வதுதான் கணக்கு.

உண்மையில் கணக்கு ஒன்றும் பெரிய வித்தை இல்லை. 34 வயது கொத்தனார் ஒருவர், வீட்டில் மனைவி, இரண்டு பிள்ளைகள், வயதான அம்மா என்று வையுங்கள். அவருடைய மாத வருமானம் 15,000 என்று விபத்து இழப்பீட்டு வழக்கை விசாரிக்கும் தீர்ப்பாயம் எடுத்துக்கொண்டால், 40 வயதுக்கு உட்பட்ட தினக்கூலிக்காரர் என்பதால் பின்னாளில் வருமானம் கூடியிருக்கும் என்று 40 சதவீதம் சேர்க்க வேண்டும் (2017-ல் சுப்ரீம் கோர்ட்டின் ஐந்து நீதிபதிகள் சேர்ந்து சொன்னது), ஆக 21,000. அவரை நம்பி நான்கு பேர் இருப்பதால் அவருடைய சொந்தச் செலவுக்கென்று கால் பங்கு கழித்தால் 15,750, வருடத்துக்கு 1,89,000. இந்த வருடத் தொகையை வயதைப் பொறுத்து ஒரு எண்ணால் பெருக்குவார்கள், அதுதான் மல்டிப்ளையர்; 31 முதல் 35 வயது வரை அது 16. பெருக்கினால் 30,24,000. இதற்கு மேல் ஈமச்சடங்குச் செலவு, துணையை இழந்ததற்கு, அப்பாவை இழந்ததற்கு என்று ஆயிரக்கணக்கில் சில தொகைகள் சேரும், அவ்வளவுதான். கல்யாணம் ஆகாதவர் இறந்தால் பொதுவாகப் பாதியைக் கழித்துவிடுவார்கள், சம்பளத்தை அப்படியே அம்மா கையில் கொடுத்த பிள்ளையாக இருந்தாலும் சரி.

இதில் வயதும் மல்டிப்ளையரும் கழிவும் ஏற்கெனவே எழுதி வைத்த அட்டவணை. அந்த 15,000 மட்டும்தான் அட்டவணையில் இல்லை, அதை நீதிபதி மதிப்பிட்டு வைக்கிறார். இன்று எங்கள் ஊரில் ஆயிரம் ரூபாய்க்குக் குறைந்து கொத்தனார் வருவதில்லை, மழை, வேலையில்லாத நாள் எல்லாம் போக மாதம் இருபது நாள் என்றாலும் 20,000 ஆகிறது. அதை வைத்துப் போட்டால் 40,32,000. மாதத்துக்கு ஆயிரம் குறைத்தால் இந்தக் குடும்பத்துக்கு 2,01,600 போச்சு! சம்பளச் சீட்டு உள்ளவருக்கு இந்தப் பிரச்சினை இல்லை. கொத்தனாருக்கு எங்கே சம்பளச் சீட்டு? மேஸ்திரியின் நோட்டில் பென்சிலால் எழுதியதுதான், அதையும் குறுக்கு விசாரணையில் இன்சூரன்ஸ் வக்கீல் ஒரே கேள்வியில் ஒன்றுமில்லாமல் ஆக்கிவிடுவார்.

வீட்டை நடத்திய பெண் இறந்தாலும் இதே கதைதான். அவருக்கும் ஒரு வருமானம் மதிப்பிட்டு எதிர்கால உயர்வும் சேர்க்கலாம் என்று 2021-ல் சுப்ரீம் கோர்ட் தெளிவாகச் சொல்லியாகிவிட்டது. எவ்வளவு மதிப்பிடுவது என்பதுதான் இன்னும் ஆளுக்கு ஆள் மாறுகிறது.

தமிழக அரசு தொழில்வாரியாகக் குறைந்தபட்சக் கூலி அறிவிக்கிறது, அகவிலைப்படியையும் வருடா வருடம் மாற்றுகிறது. ஆதாரம் இல்லாத வழக்குகளில் விபத்து நடந்த வருடத்தின் அந்தக் கூலிக்குக் கீழே போகக் கூடாது என்றாவது ஒரு விதி வேண்டும். அதுவும் சந்தைக் கூலியை விடக் குறைவுதான், ஆனால் தரை என்று ஒன்று இருக்கும்.

குடும்பங்களுக்கும் ஒன்று சொல்ல வேண்டும். நல வாரிய அட்டை, பாஸ்புக், ஜிபேயில் வந்த கூலி எதையும் தூக்கிப் போடாதீர்கள். பள்ளிச் சான்றிதழையும் தேடி எடுத்து வையுங்கள். ஆதார் வயதுக்கான சான்று இல்லை, பள்ளிச் சான்றிதழில் உள்ள பிறந்த தேதியையே எடுக்க வேண்டும் என்று 2024 அக்டோபரில் சுப்ரீம் கோர்ட் சொன்னது இப்படி ஒரு விபத்து வழக்கில்தான், வயது கொஞ்சம் கூடி அட்டவணையின் அடுத்த வரிக்குப் போனாலே மல்டிப்ளையர் இறங்கிவிடும். அப்புறம், மக்கள் நீதிமன்றத்தில் பேசி முடிக்கலாம் என்று கூப்பிட்டால் போகலாம், தப்பில்லை. ஆனால் அங்கே கையெழுத்துப் போட்டால் மேல்முறையீடு கிடையாது. மேலே உள்ள கணக்கை வீட்டிலேயே ஒரு தாளில் போட்டுப் பார்த்துவிட்டுப் போங்கள்.

உங்களிடம் கேட்பது சின்ன விஷயம். அடுத்த முறை இப்படிச் செய்தி வரும்போது இறந்தவரின் வயது, நம்பியிருந்தவர்கள் எத்தனை பேர், கோர்ட் எடுத்துக்கொண்ட மாத வருமானம் எவ்வளவு என்ற மூன்றையும் சேர்த்துப் போடுங்கள். தீர்ப்பிலேயே இருக்கும், நிருபர் இரண்டு பக்கம் புரட்டினால் போதும்.

இப்படிக்கு,
ஒரு வாசகர், திருச்சி